பொலிஸ் விசாரணையில் நீதிமன்றம் எங்கே தலையிடும், எங்கே தலையிடாது? மட்டக்களப்பு, அம்பாறை மக்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

களுவாஞ்சிக்குடி நீதிமன்ற வாசலில் ஒரு நாள் காலை எட்டரை மணிக்கு மண்டூரிலிருந்து வாவி கடக்கும் பாதைப் படகேறி வந்த தாய் ஒருவர் என்னைப் பிடித்துக்கொண்டார். கையில் ஒரு பொலித்தீன் பை. அதற்குள் மகனின் அடையாள அட்டைப் பிரதி, பொலிஸில் போட்ட என்ட்ரியின் இலக்கம் எழுதிய துண்டு, ஆஸ்பத்திரிச் சீட்டு. "ஐயா, நீதவான் ஐயா ஒரு சொல்லுச் சொன்னா பொலிசு கேக்கும்தானே? இன்னார்தான் அடிச்ச எண்டு ஊருக்கே தெரியும். பிடிக்கச் சொல்லுங்களன்."

நீதவான் அப்படிச் சொல்ல மாட்டார் என்று அவருக்கு விளங்கப்படுத்த எனக்குக் கால் மணித்தியாலம் பிடித்தது. ஏன் சொல்ல மாட்டார், சொல்லாவிட்டாலும் அவரால் என்னென்ன செய்ய முடியும் என்று சொல்ல இன்னும் அரை மணித்தியாலம் போனது. இருபது வருடத்துக்கு மேலாக இரண்டு மாவட்ட நீதிமன்றங்களிலும் இதே கேள்விக்குப் பதில் சொல்லி வருகிறேன். திரும்பத் திரும்பக் கேட்கப்பட்டவற்றை இங்கே எழுதி வைக்கிறேன். இவை பொதுவான விளக்கங்கள். உங்கள் வழக்குக்கு உங்கள் சட்டத்தரணியிடம் கட்டாயம் பேசுங்கள்.

"இன்னாரைக் கைதுசெய்" என்று நீதவான் ஏன் பொலிஸுக்கு உத்தரவிடுவதில்லை?

குற்றம் ஒன்றை விசாரிக்கும் வேலையைச் சட்டம் பொலிஸுக்குக் கொடுத்திருக்கிறது. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைக் கோவைச் சட்டத்தின் 11ஆவது அத்தியாயத்தை வாசித்தால், முறைப்பாட்டை எழுதுவது, சாட்சிகளைக் கூப்பிட்டு வாக்குமூலம் எடுப்பது, இடத்தைப் பார்ப்பது, சந்தேகநபரைப் பிடிப்பது எல்லாம் பொலிஸ் பொறுப்பதிகாரியின் பக்கமே இருக்கும். அந்த விசாரணையின் பலனை நிறுத்துப் பார்ப்பது நீதிமன்றத்தின் வேலை.

இந்தப் பிரிவினைக்கு எல்லோரும் காட்டும் தீர்ப்பு 1944இல் வந்தது. லாகூர் உயர் நீதிமன்றம் பொலிஸ் விசாரணை ஒன்றையே இரத்துச் செய்துவிட, அந்த வழக்கு லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் என்ற கோமறைக் கழகத்துக்குப் போனது. நம் நாட்டு மேன்முறையீடுகளும் அந்தக் காலத்தில் அங்கேதான் போய்க்கொண்டிருந்தன. பொலிஸின் வேலையும் நீதிமன்றத்தின் வேலையும் ஒன்றையொன்று நிரப்புபவை, ஒன்றன்மேல் ஒன்று ஏறி உட்காரக் கூடாது என்று கழகம் சொன்னது. குற்றச்சாட்டு முன்வைக்கப்பட்ட பிறகே நீதிமன்றத்தின் வேலை தொடங்குகிறது என்றும் சொன்னது. அதே இடத்தில் ஒரு விலக்கையும் வைத்தது: சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டவரை மன்றின் முன் கொண்டுவரக் கேட்கும் ஆட்கொணர்வு மனுவில் நீதிமன்றம் எப்போதும் தலையிடலாம். தலையிடக் கூடாது என்ற பாதியை மட்டும் சொல்லிவிட்டு இந்த விலக்கை மறந்துபோகிறவர்களை நான் நிறையச் சந்தித்திருக்கிறேன்.

நம் வாழ்க்கைக்குக் கிட்ட வைத்துப் பாருங்கள். இன்று நீதவான் "அவனைப் பிடி" என்கிறார். நாளை அதே நீதவான் முன்னால் அவன் பிணை கேட்டு நிற்கிறான். அந்த மனுவை அவர் திறந்த மனதோடு கேட்பார் என்று அவனுடைய தாய் நம்புவாளா? இன்றைக்கு முறைப்பாட்டுக்காரர் நீங்கள். நாளைக்கு உங்கள் பிள்ளை மேல் பொய் முறைப்பாடு வரலாம். அன்றைக்கும் நீதவானுக்கு இதே எல்லை இருக்க வேண்டும்.

பிடியாணைக்கும் இது பொருந்தும். 1999இல் அறிக்கையிடப்பட்ட மகாநாம திலகரத்ன வழக்கில், நம் நாட்டின் அதியுயர் மன்றமான உயர் நீதிமன்றம், பிடியாணை என்பது ஒருவரின் சுதந்திரத்தைத் தொடும் நீதித்துறைச் செயல், விசாரணை அதிகாரி வேண்டுமென்று நினைக்கிறார் என்பதற்காக மட்டும் அதைக் கொடுத்துவிடக் கூடாது என்று நீதவான்களுக்கு எச்சரித்தது.

தமிழ்நாட்டில் "எஃப்.ஐ.ஆர். ரத்து" என்று செய்தியில் வருகிறதே, இங்கே முடியாதா?

இந்தக் கேள்வி வராத மாதமில்லை. இந்தியாவில், உச்ச நீதிமன்றத்துக்குக் கீழே உள்ள மாநில உயர் நீதிமன்றத்துக்கு உள்ளார்ந்த அதிகாரம் என்று ஒன்று இருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 482ஆவது பிரிவு, 2024 ஜூலை முதல் புதிய சட்டத்தின் 528ஆவது பிரிவு. அதை வைத்து முதல் தகவல் அறிக்கையை இரத்துச் செய்யலாம். எப்போதெல்லாம் செய்யலாம் என்று பஜன் லால் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் ஏழு வகைச் சந்தர்ப்பங்களைக் காட்டி, அரிதிலும் அரிதாகவே செய்ய வேண்டும் என்றும் எச்சரித்தது.

இலங்கையில் வழி வேறு. இங்கே விசாரணைக்கு எதிராக நீங்கள் போகக்கூடியவை மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் எழுத்தாணை (அதிகாரிகள் சட்டத்தை மீறாமல் தடுக்கக் கொடுக்கும் "ரிட்" ஆணை), உயர் நீதிமன்றத்தின் அடிப்படை உரிமை மனு, நீதவானின் உத்தரவுக்கு எதிரான மீளாய்வு மனு. "பொலிஸ் காவலில் எடுத்து விசாரிக்க நீதிமன்றம் அனுமதி" என்று தொலைக்காட்சியில் கேட்பதும் அவர்கள் சட்டம். நம் சாதாரண சட்டத்தில் நீதவான் விளக்கமறியலில் வைத்தால் ஆள் சிறைச்சாலை அத்தியட்சகரின் பொறுப்பில் போவார், மறுபடி பொலிஸ் கூண்டுக்குப் போக மாட்டார். பொலிஸ் மேலும் கேட்க வேண்டுமென்றால் நீதவானின் அனுமதியோடு சிறைக்குப் போய்க் கேட்கலாம். விசேட சட்டங்களில் இது மாறும், அதைக் கீழே சொல்கிறேன்.

பொலிஸ் முறைப்பாட்டையே எடுக்கவில்லை. நேரே நீதவானிடம் போகலாமா?

முதலில் எழுத்தில் கொடுங்கள். முறைப்பாட்டை வாயாலும் சொல்லலாம், எழுதியும் கொடுக்கலாம் என்று மேலே சொன்ன கோவையின் 109ஆவது பிரிவு சொல்கிறது. எழுதிக் கொண்டுபோன கடிதத்தை வாங்க மறுத்தால் அதே கடிதத்தைப் பதிவுத் தபாலில் பொறுப்பதிகாரிக்கும், பிரதியைச் சிரேஷ்ட பொலிஸ் அத்தியட்சகருக்கும் பிரதிப் பொலிஸ் மா அதிபருக்கும் அனுப்புங்கள். தபால் ரசீதை எறிய வேண்டாம். தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்குப் பொதுமக்கள் முறைப்பாடுகளை விசாரிக்கும் கடமையை அரசியலமைப்பின் 155ஜீ உறுப்புரை கொடுத்திருக்கிறது. மனித உரிமைகள் ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகங்கள் மட்டக்களப்பிலும் கல்முனையிலும் இருக்கின்றன, தொலைபேசி 1996.

நீதவானிடம் நேரே போகும் வழியும் இருக்கிறது. 136ஆவது பிரிவின் கீழ் தனிப்பட்ட பிராது தாக்கல் செய்யலாம். ஆனால் அந்த வழியில் சாட்சி தேடுவது, ஆவணம் சேர்ப்பது, வழக்கை நடத்துவது எல்லாம் உங்கள் தலையில் விழும். அடிபிடி, ஏச்சுப் பேச்சு, சிறு சேதம் போன்றவற்றுக்கு அது சரிவரலாம். கொலைக்கும் பாலியல் குற்றத்துக்கும் அந்தப் பாதையில் இறங்க வேண்டாம்.

சின்னச் சண்டைகளைப் பொலிஸ் மத்தியஸ்த சபைக்கு அனுப்புவது முறைப்பாட்டைத் தட்டிக்கழிப்பதாகாது. 1988ஆம் ஆண்டின் 72ஆம் இலக்கச் சட்டம் அதற்கு இடம் கொடுக்கிறது.

வாக்குமூலத்தைச் சிங்களத்தில் எழுதி ஒப்பமிடச் சொல்கிறார்கள். என்ன செய்வது?

சம்மாந்துறையிலிருந்து வந்த ஒரு வாப்பா, தான் சொன்ன முறைப்பாட்டின் பிரதியை என்னிடம் தந்து "இதுல என்ன எழுதிருக்கு சேர்?" என்று கேட்டார். கீழே அவருடைய ஒப்பம் இருந்தது. அவர் சொல்லியிருந்தது மூன்று பேர் வந்து அடித்ததாக. எழுதப்பட்டிருந்தது "சிலருடன் ஏற்பட்ட வாய்த்தகராறு". அந்த ஒரு வசனத்தால் வழக்கே வேறு வழக்காகிவிட்டது.

சட்டம் இந்த விடயத்தில் தெளிவாக இருக்கிறது. நீங்கள் பேசும் மொழியிலேயே முறைப்பாட்டை எழுத வேண்டும், எழுதியதை வாசித்துக் காட்ட வேண்டும். அதிகாரிக்கு அந்த மொழியில் எழுத முடியாவிட்டால், உங்களையே உங்கள் கையால் எழுதித் தரும்படி கேட்க வேண்டும். உங்களுக்கு எழுத இயலாவிட்டால் மட்டும், காரணத்தைக் குறித்துவிட்டு வேறு தேசிய மொழியில் எழுதி, உங்களுக்கு விளங்கும் மொழியில் சொல்லிக் காட்ட வேண்டும். கிழக்கு மாகாணத்தில் தமிழ் நிர்வாக மொழி என்று அரசியலமைப்பின் 22ஆவது உறுப்புரை சொல்கிறது. அம்பாறை நகரத்துப் பொலிஸ் நிலையமும் கிழக்கு மாகாணத்தில்தான் இருக்கிறது.

எனவே விளங்காத மொழியில் உள்ளதற்குக் கீழே கையெழுத்துப் போடாதீர்கள். "தமிழில் நானே எழுதித் தாறன்" என்று அமைதியாகச் சொல்லுங்கள். கட்டாயப்படுத்தினால், ஒப்பத்துக்கு மேலே "வாசித்துக் காட்டப்படவில்லை" என்று தமிழில் எழுதிவிட்டு ஒப்பமிடுங்கள். பிறகு ஒரு நாள் குறுக்கு விசாரணையில் அந்த இரண்டு சொல் உங்களைக் காப்பாற்றும். சட்டத்தரணியைக் கூட்டிப்போகவும் தயங்க வேண்டாம். பொலிஸ் நிலையத்தில் சட்டத்தரணி கட்சிக்காரருக்காகத் தோன்றுவதை ஏற்று 2012இல் விதிகள் வர்த்தமானியில் வெளியிடப்பட்டன.

அப்படியென்றால் விசாரணை நடக்கும்போது நீதவான் வெறும் பார்வையாளரா?

பலர் நினைத்திருப்பதைவிட நீதவானின் கையில் அதிகம் இருக்கிறது.

பிடியாணையில்லாமல் பிடித்தவரைப் பொலிஸ் 24 மணித்தியாலத்துக்கு மேல் வைத்திருக்க முடியாது. பயண நேரம் மட்டும் அந்தக் கணக்கில் சேராது. அதற்குள் விசாரணை முடியாவிட்டால், 115ஆவது பிரிவின்படி ஆளையும் கொண்டுவர வேண்டும், சாட்சிகள் சொன்னதன் சுருக்கத்தோடு அறிக்கையும் தர வேண்டும். நீதிமன்றத்தில் "பி அறிக்கை" என்று எல்லோரும் சொல்வது இதைத்தான். அந்த அறிக்கையை வாசித்துவிட்டு, ஆளைத் தடுத்து வைக்கத் தேவை இருக்கிறதா என்று நீதவான் தானே முடிவெடுக்க வேண்டும். பொலிஸ் கேட்டதற்காகக் கொடுக்கும் ரப்பர் முத்திரை கிடையாது அது. சந்தேகத்துக்கு நியாயமான காரணமே அறிக்கையில் இல்லையென்றால் ஆளை விடலாம், பிணையில் அனுப்பலாம். பொலிஸின் விசாரணை தொடர்ந்து நடக்கும். ஆள் வீட்டுக்குப் போவார்.

அதனால் நீதவான் முன்னால் நிற்கும் அந்த முதல் ஐந்து நிமிடம் பெறுமதியானது. பொலிஸில் அடித்திருந்தால் அங்கேயே, சத்தமாக, சொல்ல வேண்டும். "முதுகில் வலி, கையால் தூக்க முடியவில்லை" என்று சொன்னால் சட்ட வைத்திய அதிகாரியிடம் காட்டும்படி நீதவான் உத்தரவிடலாம். காயம் மாறிப்போன பிறகு சொல்வதை நிரூபிக்கப் படும் பாட்டை எத்தனையோ வீடுகளில் பார்த்துவிட்டேன். சித்திரவதை 1994ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கச் சட்டத்தில் தனிக் குற்றம். குறைந்தது 7 வருடம், கூடியது 10 வருடம் சிறை.

இன்னொன்று: பொலிஸ் உத்தியோகத்தரிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் சாட்சியமாகாது என்று சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 25ஆவது பிரிவு சொல்கிறது. விசாரணை அறைக்குள் நீதிமன்றம் நுழைவதில்லை, அங்கே எடுத்த ஒப்புதலையும் நீதிமன்றத்துக்குள் விடுவதில்லை.

பொலிஸ் கேட்டால் நீதிமன்றம் உதவுமா?

உதவும். கோவையின் 124ஆவது பிரிவு அதைக் கடமையாகவே வைத்திருக்கிறது. அடையாள அணிவகுப்பு, வங்கிக் கணக்கு, தொலைபேசி விபரம், அரச பகுப்பாய்வாளருக்குப் பொருள் அனுப்புவது என்று பொலிஸ் கேட்கும் உத்தரவுகள் இதன் வழியாகவே வருகின்றன. சாய்ந்தமருதில் 2019 ஏப்ரல் 26 வெடிப்பில் இறந்தவர்களின் எச்சங்களை மரபணுப் பரிசோதனைக்காக 2022இல் அம்பாறையில் மீண்டும் தோண்டி எடுத்ததும் நீதிமன்ற உத்தரவோடுதான். விசாரிப்பது பொலிஸ், கதவைத் திறந்து கொடுப்பது நீதிமன்றம்.

பாதிக்கப்பட்டவரின் சட்டத்தரணியும் நகர்த்தல் பத்திரம் (வழக்கை மன்றின் முன் அழைக்கக் கேட்கும் "மோஷன்") போட்டு, "இந்தக் கடையின் சிசிரிவிப் பதிவு இரண்டு வாரத்தில் அழிந்துவிடும், அதைப் பெறப் பொலிஸார் இன்னும் நடவடிக்கை எடுக்கவில்லை" என்று மன்றின் கவனத்துக்குக் கொண்டுவரலாம். இப்படிக் குறிப்பாகக் கேட்டால் நீதவான் பொலிஸிடம் விளக்கம் கேட்பார். "விசாரணை சரியில்லை" என்று பொதுவாகச் சொன்னால் ஒன்றும் நடக்காது.

பி அறிக்கையில் மாதக்கணக்காக "மேலதிக விசாரணை" என்றே வருகிறது. நீதிமன்றம் அவசரப்படுத்தாதா?

தேவையற்ற தாமதமின்றி விசாரணையை முடிக்க வேண்டும் என்று கோவை சொல்கிறது. தவணை தோறும் முன்னேற்ற அறிக்கை கேட்க நீதவானால் முடியும், பல நீதவான்கள் கேட்கவும் செய்கிறார்கள். ஆனால் எந்தச் சாட்சியை எப்போது விசாரிப்பது என்று அட்டவணை போட்டுக் கொடுக்க மாட்டார்.

உள்ளே இருப்பவருக்குத் தாமதமே பிணைக்கு ஒரு காரணம். 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டத்தில் பிணை கொடுப்பதே விதி, மறுப்பது விலக்கு. தீர்ப்புக்கு முன் 12 மாதத்துக்கு மேல் வைத்திருக்க மேல் நீதிமன்றத்தின் விசேட உத்தரவு வேண்டும், அப்படியும் இன்னொரு 12 மாதம்தான். நீதவானின் உத்தரவில் பிழையிருந்தால் மட்டக்களப்பு அல்லது கல்முனை மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனு போடலாம். இதற்குக் கொழும்பு போகத் தேவையில்லை.

பொலிஸ் காவலில் ஒருவர் இறந்தால் அதையும் பொலிஸேதான் விசாரிக்குமா?

இங்கே சட்டம் எல்லையை வேண்டுமென்றே மாற்றி வைத்திருக்கிறது. பொலிஸ் காவலிலோ சிறையிலோ மரணம் நடந்தால் மரண விசாரணையை நீதவானே செய்ய வேண்டும் என்று கோவையின் 371ஆவது பிரிவு சொல்கிறது. வேறு மரணங்களுக்கு வரும் திடீர் மரண விசாரணை அதிகாரி இதற்குப் போதாது.

2021 ஜூனில் மட்டக்களப்பு இருதயபுரத்தில் இரவில் பொலிஸார் பிடித்துக்கொண்டுபோன இளைஞர் மறுநாள் உயிரோடு இல்லை. அடக்கம் நடந்துவிட்டது. குடும்பத்தவர் விடவில்லை. நீதவானின் உத்தரவில் குழியிலிருந்து உடலை எடுத்துப் பேராதனைக்கு அனுப்பி இரண்டாவது பிரேத பரிசோதனை செய்யப்பட்டது. புதைத்த மண் காயுமுன் ஒரு தாய் தன் பிள்ளையைத் தோண்டி எடுக்கச் சம்மதிக்க வேண்டி வந்த நாட்கள் அவை. முதல் அறிக்கையோடு கதை முடிந்துவிடவில்லை என்பதற்கு அந்தக் குடும்பத்தின் துணிவும் 371ஆவது பிரிவும் காரணம்.

இப்படி ஒன்று நடந்தால், உடலை அடக்கம் செய்யவோ தகனம் செய்யவோ அவசரப்பட வேண்டாம். தகனம் செய்துவிட்டால் இரண்டாவது பரிசோதனைக்கு வழியே இல்லை. நீதவானிடம் உங்கள் சந்தேகத்தை மரண விசாரணையிலேயே சொல்லுங்கள். 2003இல் அறிக்கையிடப்பட்ட ஸ்ரீயானி சில்வா வழக்கில் உயர் நீதிமன்றம், காவலில் இறந்தவரின் மனைவி அடிப்படை உரிமை வழக்கைத் தொடரலாம் என்று தீர்ப்பளித்தது. செத்தவரோடு உரிமையும் போய்விட்டது என்று யாராவது சொன்னால் அதை நம்ப வேண்டாம்.

என்னைக் கைதுசெய்யப் போகிறார்கள் என்று தெரிகிறது. நீதிமன்றம் தடுக்குமா?

இரண்டு வழி உண்டு. பிணைச் சட்டத்தின் 21ஆவது பிரிவில் முன்பிணை. பிணையில் விட முடியாத குற்றத்துக்குச் சந்தேகிக்கப்படுவீர்கள் என்று நம்பக் காரணம் இருந்தால், குற்றம் நடந்ததாகச் சொல்லப்படும் இடத்து நீதவானிடம், பொலிஸ் பொறுப்பதிகாரிக்கு அறிவித்தல் கொடுத்துக் கேட்கலாம். இது விசாரணையை நிறுத்தாது. கைதுசெய்தால் பிணையில் விடுவார்கள், அவ்வளவே.

மற்றது மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை. அரசியலமைப்பின் 140ஆவது உறுப்புரை. சட்டத்துக்கு முற்றிலும் புறம்பாகப் பொலிஸ் நடக்கும்போதே இது கைகொடுக்கும். பெரிய பதவியில் இருப்பவருக்கும் இது தானாகக் கிடைப்பதில்லை. 2023 டிசம்பரில் வெலிகம ஹோட்டலில் நடந்த துப்பாக்கிச்சூடு தொடர்பாகத் தன்னைக் கைதுசெய்வதைத் தடுக்கக் கேட்டு, பொலிஸ் மா அதிபர் பதவி வகித்த தேசபந்து தென்னக்கோன் போட்ட மனுவை 2025 மார்ச்சில் மேன்முறையீட்டு நீதிமன்றம் நிராகரித்தது. சில நாளில் அவர் மாத்தறை நீதிமன்றத்தில் சரணடைந்தார்.

வேறு சில பிரபல வழக்குகளில் கைதுக்கு இடைக்காலத் தடை கிடைத்ததும் உண்மை. வசதியுள்ளவர் ஒரே நாளில் கொழும்புப் புதுக்கடை நீதிமன்றத்தில் மனுப்போட்டுத் தடை வாங்குகிறார், வாகரையில் உள்ளவர் இரவு ரயிலுக்குக் காசு புரட்டுகிறார். சட்டத்தில் உள்ள எல்லை எல்லோருக்கும் ஒன்றுதான், அந்த எல்லைக்குப் போய்ச்சேரும் தூரம் ஒன்றாக இல்லை. இது எனக்கு மனதை அறுக்கும் விடயம். மட்டக்களப்பில் சட்ட உதவி ஆணைக்குழுவின் நிலையம் இருக்கிறது. வருமானம் குறைந்தவர்கள் தயங்காமல் அங்கே போக வேண்டும்.

எழுத்தாணைக்கு மாகாண மேல் நீதிமன்றம் போதாதா?

மாகாண சபைப் பட்டியலில் உள்ள விடயங்களுக்கே மாகாண மேல் நீதிமன்றம் எழுத்தாணை கொடுக்கலாம். பொலிஸ் அதிகாரம் 13ஆவது திருத்தத்தில் எழுதப்பட்டிருந்தும் இன்றுவரை நடைமுறைக்கு வரவில்லை. எனவே பொலிஸ் விடயம் வழமையாகக் கொழும்புக்கே போகிறது. ஆட்கொணர்வு மனுவை மட்டும் மாகாண மேல் நீதிமன்றத்திலேயே போடலாம். மாகாணத்துக்குள் ஒருவரை எங்கே வைத்திருக்கிறார்கள் என்று தெரியாவிட்டால் இதுதான் முதல் கதவு.

அடிப்படை உரிமை மனுவுக்கு எவ்வளவு காலம் இருக்கிறது?

ஒரு மாதம். இதைச் சிவப்பு மையால் எழுதி வையுங்கள். காரணமில்லாத கைது, சித்திரவதை, சட்டத்தின் முன் பாகுபாடு என்றால் உயர் நீதிமன்றத்துக்கு அரசியலமைப்பின் 126ஆவது உறுப்புரையின் கீழ் போகலாம். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டு, அங்கே விசாரணை நடந்துகொண்டிருந்தால், அந்தக் காலம் கணக்கில் சேராது. முறைப்பாட்டுப் பிரதி மட்டும் போதாது, விசாரணை உண்மையில் நடப்பதையும் காட்ட வேண்டும்.

நடந்துகொண்டிருக்கும் விசாரணையின் திசையை உயர் நீதிமன்றம் திருப்புவது அரிது. நடந்து முடிந்ததற்குப் பொறுப்புக் கேட்பதில் அது தயங்குவதில்லை. 2019 உயிர்த்த ஞாயிறு குண்டுத் தாக்குதலில் நம் மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்திலும் பிள்ளைகள் செத்தார்கள். முன்கூட்டியே வந்த தகவல்மேல் நடவடிக்கை எடுக்காததற்காக 2023 ஜனவரி 12இல் உயர் நீதிமன்றம் மொத்தம் 311 மில்லியன் ரூபா இழப்பீடு விதித்தது. அதில் 100 மில்லியன் முன்னாள் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன தன் சொந்தப் பணத்தில் கட்ட வேண்டியது.

உள்ளூர்ப் பொலிஸில் நம்பிக்கையில்லை. சிஐடிக்கு மாற்ற முடியுமா?

பொலிஸ் மா அதிபருக்கு எழுதுங்கள், பிரதி சட்டமா அதிபருக்கு. விசாரணையை எந்தப் பிரிவு செய்வது என்பது அடிப்படையில் பொலிஸ் திணைக்களத்தின் முடிவு. சில வழக்குகளில் நீதவான்கள் சிஐடியிடம் ஒப்படைக்கும்படி பணித்ததுண்டு. ஆனால் அதற்கு உள்ளூர் அதிகாரிக்கும் சந்தேகநபருக்கும் உள்ள தொடர்பைக் காட்டும் ஏதாவது கையில் இருக்க வேண்டும்.

சட்டமா அதிபர் "வழக்கைத் தொடர்வதில்லை" என்று சொன்னால் நீதிமன்றம் கேட்க முடியாதா?

மட்டக்களப்பில் இதைக் கேட்காத ஆளில்லை. 2005 நத்தார் நள்ளிரவுத் திருப்பலியில், மரியாள் இணைப்பேராலயத்துக்குள் நாடாளுமன்ற உறுப்பினர் ஜோசப் பரராஜசிங்கம் சுட்டுக் கொல்லப்பட்டார். பத்து வருடம் கழித்து 2015இல் கிழக்கு மாகாண முன்னாள் முதலமைச்சர் உட்படச் சிலர் கைதானார்கள். வழக்குத் தொடுநர் நம்பியிருந்த ஒப்புதல் வாக்குமூலங்களை மேன்முறையீட்டு நீதிமன்றம் ஏற்கவில்லை. வழக்கைத் தொடர்வதில்லை என்று சட்டமா அதிபர் அறிவித்தார். 2021 ஜனவரியில் மட்டக்களப்பு மேல் நீதிமன்றம் குற்றஞ்சாட்டப்பட்டவர்களை விடுவித்தது.

ஒப்புதலை மட்டும் நம்பி விசாரணையைக் கட்டினால் அது இப்படித்தான் இடிந்து விழும். வற்புறுத்தல் இல்லாத சாட்சியம், தடயம், ஆவணம் இவற்றைப் பொலிஸ் முதல் வாரத்தில் சேர்க்காவிட்டால், பிறகு எந்த நீதிபதியாலும் அதை உண்டாக்கித் தர முடியாது. வழக்குத் தொடர ஒருவர் இல்லாதபோது நீதிபதி தானே வழக்குத் தொடுநராகவும் மாற முடியாது.

ஆனால் சட்டமா அதிபரின் அதிகாரம் கேள்விக்கு அப்பாற்பட்டதும் இல்லை. 1998இல் விக்டர் ஐவன் வழக்கில் உயர் நீதிமன்றம், குற்றப்பத்திரம் தாக்கல் செய்வது பற்றிய அவரது விருப்புரிமை மக்களுக்காக நம்பிக்கையில் ஒப்படைக்கப்பட்டது, பாகுபாடாகப் பயன்படுத்தினால் அடிப்படை உரிமை வழக்கில் பரிசீலிக்கலாம் என்றது. அந்த ஒரு மாதம் இதற்கும் பொருந்தும்.

பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் பிடித்தால்?

மேலே சொன்னதில் பாதி மாறிவிடும். 24 மணித்தியாலத்துக்குப் பதில் 72 மணித்தியாலம். அமைச்சர் கையெழுத்திடும் தடுப்புக்காவல் உத்தரவு மூன்று மூன்று மாதமாக நீளும். முன்பு 18 மாதம் வரை போகலாம், 2022ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் திருத்தம் அதை 12 மாதமாக்கியது. உதவிப் பொலிஸ் அத்தியட்சகருக்குக் குறையாத அதிகாரியிடம் சொன்ன ஒப்புதலைச் சாட்சியமாக்கும் 16ஆவது பிரிவும் இந்தச் சட்டத்தில்தான் இருக்கிறது.

அந்தத் திருத்தத்தில் வந்த நல்லதையும் தெரிந்து வைத்திருங்கள். தடுத்து வைத்த இடத்துக்கு நீதவான் போய்ப் பார்க்க வேண்டும். தடுப்புக்காவல் உத்தரவுக்கு எதிராக அடிப்படை உரிமை மனுவும் எழுத்தாணை மனுவும் போடலாம் என்பது சட்டத்திலேயே எழுதப்பட்டிருக்கிறது. கைதாகி 12 மாதத்துக்குள் வழக்கு தொடங்காவிட்டால் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் பிணை கேட்கலாம்.

காணிச் சண்டையில் பொலிஸ் ஒரு பக்கம் சாய்கிறது.

சமாதானம் குலையும் அளவுக்குப் போனால் 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்றச் சட்டத்தின் 66ஆவது பிரிவில் பொலிஸ் மட்டுமல்ல, நீங்களும் சத்தியக் கடதாசியோடு நேரே நீதிமன்றம் போகலாம். காணியிலிருந்து துரத்தப்பட்டால் இரண்டு மாதத்துக்குள் போக வேண்டும் என்று ஒரு கணக்கு இருக்கிறது, காலம் கடத்த வேண்டாம்.

சட்டத்தரணியிடம் வரும்போது என்ன கொண்டுவர வேண்டும்?

முறைப்பாடு எந்தப் பொலிஸ் நிலையம், எந்தப் புத்தகம், எந்த இலக்கம், எந்தத் தேதி. வழக்கு இருந்தால் பி அறிக்கை இலக்கம். வைத்தியசாலைச் சீட்டு, தபால் ரசீது, தொலைபேசியில் எடுத்த படங்கள். படத்தை வட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு மூலத்தை அழித்துவிடாதீர்கள். இவற்றோடு ஒரு கொப்பி. எந்த நாள், எத்தனை மணிக்கு, யார் வந்தார்கள், என்ன சொன்னார்கள் என்று அன்றன்றைக்கே எழுதியது.

மண்டூரிலிருந்து வந்த அந்தத் தாய்க்கு எழுதத் தெரியாது. எட்டாம் வகுப்புப் படிக்கும் மகளைக் கொண்டு எழுதுவித்தார். நாலாவது பக்கத்தில், சம்பவத்துக்கு மறுநாள் பின்னேரம் சந்தியில் உள்ள சைக்கிள் கடைக்காரர் சொன்னதாக ஒரு வசனம் இருந்தது. அடித்தவர்கள் வந்த மோட்டார் சைக்கிளுக்கு அவர் அன்று காற்றடித்துக் கொடுத்திருக்கிறார். அவரைப் பொலிஸ் விசாரிக்கவே இல்லை. அந்த வசனத்தைக் காட்டி நகர்த்தல் பத்திரம் போட்டோம். நீதவான் யாரையும் பிடிக்கச் சொல்லவில்லை. அந்தச் சாட்சியிடம் வாக்குமூலம் எடுக்கப்பட்டதா என்று பொறுப்பதிகாரியிடம் மட்டும் கேட்டார். அடுத்த தவணைக்கு முன் எடுத்துவிட்டார்கள்.